போன் வருது, ரிங் மட்டும் வரல: வீட்டிலேயே சரிசெய்யும் வழி

காசிமேட்டில் விடியற்காலை ஏலத்தின்போது ஒரு அழைப்பைத் தவறவிட்டால் மீன் வேறு ஆளுக்குப் போய்விடும். தண்டையார்பேட்டையில் சிலிண்டர் போடுபவர் கீழே நின்று ஒன்றிரண்டு முறை அடித்துப் பார்ப்பார், எடுக்கவில்லை என்றால் வண்டியைக் கிளப்பிவிடுவார். “எத்தனை தடவ அடிக்கிறது, எடுக்கவே மாட்டியா?” என்று திட்டு வாங்கிய பிறகுதான் பலருக்குத் தங்கள் போன் சத்தமே போடவில்லை என்பது தெரிய வருகிறது.

போன் எடுப்பது, பேசுவது, வாட்ஸ்அப் பார்ப்பது என்ற அளவில் பழகி, செட்டிங்ஸ் பக்கம் போகவே பயப்படுபவர்களுக்காக இதை எழுதுகிறேன். பெரும்பாலும் ஆண்ட்ராய்டை வைத்தே சொல்கிறேன், ஐபோனில் மாறும் இடங்களைத் தனியாகச் சொல்கிறேன். கம்பெனிக்குக் கம்பெனி பெயரும் இடமும் கொஞ்சம் மாறும். அதற்குக் கவலைப்பட வேண்டாம். செட்டிங்ஸைத் திறந்தால் மேலே பூதக்கண்ணாடி போட்ட தேடல் கட்டம் இருக்கும். நான் சொல்லும் பெயரை அதில் அடித்தால் அந்த இடத்துக்கே கொண்டுபோய் விட்டுவிடும்.

முதல் வேலை: பக்கத்து வீட்டுப் போன்

எந்தப் பட்டனையும் தொடுவதற்கு முன்னால் பக்கத்து வீட்டு அக்காவிடமோ கடைத் தம்பியிடமோ “எனக்கு ஒரு ரிங் குடுங்க” என்று கேளுங்கள். உங்கள் போன் மேசை மேல், திரை மேலே பார்த்தபடி இருக்கட்டும். கவிழ்த்து வைத்தால் சத்தம் நிற்கும் வசதி சில போன்களில் உண்டு, அது கணக்கைக் குழப்பிவிடும். அவர் அடிக்கும்போது இரண்டு விஷயம் கவனியுங்கள். உங்கள் திரையில் என்ன தெரிகிறது? அவர் காதில் என்ன கேட்கிறது?

திரையில் அழைப்பவர் பெயர் வருகிறது, சத்தம் மட்டும் இல்லை என்றால் கோளாறு ஒலி தொடர்பானது. பாதிக் கவலை அங்கேயே தீர்ந்தது.

திரை இருட்டாகவே இருந்து, பிறகு மிஸ்டு காலாக மட்டும் காட்டுகிறது என்றால் ஏதோ ஒரு வசதி அழைப்பை மௌனமாக்குகிறது.

அவருக்கு ரிங் போகிறது, உங்களிடம் மிஸ்டு கால்கூடப் பதிவாகவில்லை என்றால் கால் ஃபார்வர்டிங்கைப் பாருங்கள், அதாவது உங்களுக்கு வரும் அழைப்பு வேறு எண்ணுக்குத் திருப்பி விடப்படுகிறதா என்று. இது கொஞ்சம் அவசரம்.

அவர் காதில் “ஸ்விட்ச் ஆஃப்” அல்லது “தொடர்பு எல்லைக்கு வெளியே” என்று வந்தால் சிம், சிக்னல், ரீசார்ஜ் மூன்றில் ஒன்று. இதற்கு ரிங்டோனை மாற்றி மாற்றி வைத்துப் பயனில்லை.

அந்த ஒருவர் அடித்தால் மட்டும் ரிங் வரவில்லை, மற்ற எல்லோருக்கும் சரியாக இருக்கிறது என்றால் அவர் எண் பிளாக் பட்டியலில் இருக்கிறதா என்று பாருங்கள். கோபத்தில் நாமே போட்டிருப்போம், இல்லாவிட்டால் வீட்டுக் குழந்தை போட்டிருக்கும்.

சத்தம் இல்லை என்றால்

போனில் வால்யூம் ஒன்று இல்லை, பல உண்டு. பாட்டுக்கும் வீடியோவுக்கும் ஒன்று, ரிங்குக்கு ஒன்று, அலாரத்துக்கு ஒன்று, பேசும்போது காதில் கேட்பதற்கு ஒன்று. 2018இல் வந்த ஆண்ட்ராய்டு 9இலிருந்து பக்கவாட்டு வால்யூம் பட்டனை அழுத்தினால் முதலில் ஏறி இறங்குவது பாட்டு, வீடியோ சத்தம்தான். “ஃபுல்லா வெச்சிருக்கேனே” என்று பலர் சொல்வது இதைத்தான். யூடியூப் அலறும், ரிங் பூஜ்யத்தில் இருக்கும்.

வால்யூம் பட்டனை ஒருமுறை அழுத்துங்கள். திரை ஓரத்தில் ஒரு கோடு வரும். அதன் கீழேயோ மேலேயோ மூன்று புள்ளியோ, மணி போன்ற படமோ இருக்கும். அதைத் தொட்டால் எல்லாக் கோடுகளும் வரிசையாக விரியும். மணி படம் போட்ட கோட்டை முழுவதும் ஏற்றுங்கள். மணியின் மேல் குறுக்குக் கோடு இருந்தால் சைலண்ட், அதிர்வது போன்ற படம் இருந்தால் வைப்ரேஷன் மட்டும்.

சில போன்களில் பவர் பட்டனையும் வால்யூம் கூட்டும் பட்டனையும் சேர்த்து அழுத்தினால் உடனே வைப்ரேஷனுக்கோ சைலண்டுக்கோ போய்விடும் ஒரு குறுக்குவழி இருக்கிறது. கூட்டமான ஷேர் ஆட்டோவில் பாக்கெட்டில் நெருக்கும்போதும், சுருக்குப் பைக்குள் திணிக்கும்போதும் இது தானாக அழுந்திவிடும். அடிக்கடி “சைலண்ட்ல நான் போடவே இல்லயே” என்று சொல்பவர்கள் செட்டிங்ஸில் ப்ரிவென்ட் ரிங்கிங் என்று தேடி அதை அணைத்துவிடலாம்.

ஐபோனில் இடது பக்கம் வால்யூம் பட்டனுக்கு மேலே ஒரு சின்ன சுவிட்ச் இருக்கும். ஆரஞ்சு நிறம் தெரிந்தால் சைலண்ட். ஐபோன் 15 ப்ரோவிலிருந்து அந்த இடத்தில் ஆக்‌ஷன் பட்டன் வந்துவிட்டது, சைலண்டுக்கு வைத்திருந்தால் அதை அழுத்திப் பிடித்தால் மாறும். முகம் பார்த்துத் திறக்கும் ஐபோன்களில் இன்னொன்று: நீங்கள் போனைப் பார்த்தவுடன் ரிங் தானே தணியும். அது கோளாறு இல்லை.

அடுத்து ரிங்டோன். மெமரி கார்டில் இருந்த ஒரு பாட்டை ரிங்டோனாக வைத்து, பிறகு அந்தக் கார்டையோ பாட்டையோ எடுத்துவிட்டால் சில போன்கள் ஊமையாகிவிடும். இரண்டு சிம் போட்டிருந்தால் சில போன்களில் ஒவ்வொரு சிம்முக்கும் தனி ரிங்டோன் உண்டு, அதில் ஒன்று நன் (None, அதாவது ரிங்டோனே இல்லை) என்று இருக்கலாம். சோதிக்க எளிய வழி, போனோடு வந்த ரிங்டோன்களில் ஒன்றை வைத்துப் பார்ப்பது.

எந்த ரிங்டோன் என்பதிலும் விஷயம் இருக்கிறது. போனின் சின்ன ஸ்பீக்கருக்குக் கனமான அடித்தொண்டைச் சத்தம் வராது. மனிதக் காது மிக நன்றாகக் கேட்பதும் சுமார் 2,000 முதல் 5,000 ஹெர்ட்ஸ் வரையிலான கீச்சுச் சத்தத்தைத்தான். மெல்ல வீணை மீட்டும் ரிங்டோன் வீட்டில் இனிமையாக இருக்கும், எம்.சி. ரோட்டில் ஆடி மாதக் கூட்டத்தில் யாருக்குக் கேட்கும்? பழைய லேண்ட்லைன் மணி மாதிரி ‘ட்ரிங் ட்ரிங்’ என்று முதல் நொடியிலேயே பிடித்துக்கொள்ளும் ஒன்றை வையுங்கள். சத்தம் மெல்ல மெல்ல ஏறும் வசதி சில போன்களில் இருக்கும், சந்தையில் வேலை செய்பவர்கள் அதையும் அணைத்துவிடுவது நல்லது.

ப்ளூடூத்தையும் ஒரு பார்வை பாருங்கள். மகன் வாங்கிக் கொடுத்த இயர்பட்ஸ் அலமாரிக்குள் பெட்டி சரியாக மூடாமல் கிடந்தால், போன் அதோடு இணைந்தே இருக்கலாம். சில போன்களில் அப்போது ரிங் அலமாரிக்குள்தான் ஒலிக்கும். ப்ளூடூத்தை அணைத்து மறுபடி அடிக்கச் சொல்லுங்கள்.

பிறை நிலாவும் குறுக்குக் கோடும்

மேலே மணி நேரம் காட்டும் வரியில் வட்டத்துக்குள் ஒரு சின்னக் கோடு அல்லது பிறை நிலா தெரிகிறதா? அதுதான் டூ நாட் டிஸ்டர்ப். தமிழில் போனை வைத்திருந்தால் ‘தொந்தரவு செய்ய வேண்டாம்’ என்று இருக்கும். ரிங் வால்யூம் முழுதாக இருந்தாலும் இது சத்தத்தை விடாது.

கரண்ட் போனதும் இருட்டில் திரையை மேலிருந்து இழுத்து டார்ச்சைத் தேடுவோம் அல்லவா, அந்தக் கட்டங்களிலேயே இதுவும் இருக்கும். விரல் ஒரு கட்டம் தள்ளிப் பட்டால் போதும். மறுபடி அதே கட்டத்தைத் தொட்டால் அணைந்துவிடும்.

அணைத்த பிறகும் தினமும் வந்து உட்கார்ந்துகொண்டால் அது அட்டவணையின் வேலை. செட்டிங்ஸில் டூ நாட் டிஸ்டர்ப் என்று தேடி, ஷெட்யூல்ஸ் பகுதியைத் திறங்கள். தூங்கும் நேரம் என்று இரவு 10 முதல் காலை 7 வரை என்பது போல ஒன்று இருக்கும். பெட்டைம் மோட், ஸ்லீப் மோட் என்றும் சில போன்களில் பெயர். ஆபீஸ் போகிறவருக்கு அது சரி. நடுராத்திரி எழுந்து துறைமுகத்துக்கோ பூ மார்க்கெட்டுக்கோ கிளம்புகிறவருக்கு வேலை நேரம் முழுவதும் போன் செத்துக் கிடக்கும். அவர்கள் இந்த அட்டவணையை அணைத்துவிட வேண்டும், இல்லாவிட்டால் தங்கள் தூக்க நேரத்துக்கு, பகல் 12 முதல் 4 என்பது போல, மாற்றிக்கொள்ள வேண்டும்.

தூங்கும்போது அமைதியும் வேண்டும், அம்மா கூப்பிட்டால் மட்டும் கேட்கவும் வேண்டும் என்றால் அதற்கும் இடமுண்டு. அதே பக்கத்தில் பீப்பிள், அப்புறம் கால்ஸ் என்று போனால் ஸ்டார் போட்ட தொடர்புகளை மட்டும் அனுமதிக்கலாம். ரிப்பீட் காலர்ஸ் என்பதையும் போட்டு வையுங்கள். ஒரே எண்ணிலிருந்து 15 நிமிடத்துக்குள் இரண்டாவது முறை அழைப்பு வந்தால் ஆண்ட்ராய்டு ரிங் அடிக்க விடும். ஐபோனில் இது 3 நிமிடம். வீட்டில் எல்லோரிடமும் “அவசரம்னா உடனே ரெண்டாவது தடவ அடி” என்று சொல்லி வைத்துவிடுங்கள்.

விளையாட்டு ஆப்களுக்கான கேம் மோடும் அழைப்பை மறைக்கும். பிள்ளைகள் விளையாடிவிட்டுக் கொடுத்த போன் என்றால் அதையும் பாருங்கள்.

தெரியாத எண் மட்டும் ரிங் ஆகவில்லை

கடன் வேணுமா, பிளாட் வேணுமா என்று வரும் அழைப்புத் தொல்லை தாங்காமல் சைலன்ஸ் அன்னோன் காலர்ஸ் போட்டுவிடுகிறார்கள். ஐபோனில் 2019இல் ஐஓஎஸ் 13இல் இந்தப் பெயரிலேயே வந்தது. ஆண்ட்ராய்டில் போன் ஆப்பைத் திறந்து மூன்று புள்ளி, செட்டிங்ஸ், பிளாக்ட் நம்பர்ஸ் என்று போனால் அன்னோன் என்று ஒரு வரி இருக்கும், கூகுள் போன் ஆப்பில் அது எண்ணைக் காட்டாமல் வரும் அழைப்பை மட்டும்தான் தடுக்கும். ட்ரூகாலர் போன்ற ஆப்களிலும் தனியாக ஒரு பிளாக் பட்டியல் உண்டு. போன் ஆப்பில் எல்லாம் சரியாக இருந்தும் வரவில்லை என்றால் அங்கே தேடுங்கள்.

இதை முழுவதும் அடைத்து வைப்பது எனக்குச் சம்மதமில்லை. வீட்டில் ஒருவர் ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் படுத்திருந்தால், கூட இருப்பவர் போனில் சார்ஜ் போய் பக்கத்து பெட்காரர் போனிலிருந்து கூப்பிடுவார். சிலிண்டர், கூரியர், ஸ்கூல் வேன் டிரைவர் எல்லாமே புது எண்தான். விளம்பரத் தொல்லைக்கு 1909 என்ற எண்ணில் பதிவு செய்யுங்கள், புது எண்களுக்குக் கதவைத் திறந்து வையுங்கள்.

இங்கேயே இன்னொன்று. ட்ரூகாலர் மாதிரி ஆப்களைப் போடும்போது “இதை டிஃபால்ட் போன் ஆப் ஆக்கவா?” என்று கேட்கும், நாம் ஓகே ஓகே என்று தட்டிவிடுவோம். அந்த ஆப்புக்கு அறிவிப்பு அனுமதி இல்லாவிட்டால் அழைப்புத் திரையே வராமல் போகலாம். செட்டிங்ஸ், ஆப்ஸ், டிஃபால்ட் ஆப்ஸ், போன் ஆப் என்று போய், போனோடு வந்த ஆப்பையே திரும்பத் தேர்ந்தெடுங்கள். பிறகு அந்த ஆப்பின் நோட்டிஃபிகேஷன்ஸில் இன்கமிங் கால்ஸ் என்பது போட்டிருக்கிறதா என்றும் பாருங்கள்.

அழைப்பு வேறெங்கோ போகிறதா?

இதை மட்டும் நாளைக்கு என்று தள்ளாதீர்கள். டயல் செய்யும் இடத்தில் *#21# என்று அடித்துப் பச்சை பட்டனை அழுத்துங்கள். காசு போகாது, எதுவும் மாறாது, நிலவரத்தை மட்டும் காட்டும். வாய்ஸ் என்ற வரிக்கு எதிரே நாட் ஃபார்வர்டட் என்று இருந்தால் நிம்மதி. ஃபார்வர்டட் என்று போட்டு உங்களுக்குத் தெரியாத ஒரு எண் இருந்தால், உங்களுக்கு வரும் ஒவ்வொரு அழைப்பும் அந்த எண்ணுக்குப் போய்க்கொண்டிருக்கிறது.

உடனே ##002# அடித்து அழையுங்கள். எல்லா ஃபார்வர்டிங்கும் ரத்தாகும். இரண்டு சிம் இருந்தால் இரண்டிலும் தனித்தனியாகச் செய்ய வேண்டும், ஒன்றில் செய்தால் மற்றொன்றுக்கு ஆகாது. *#61# எடுக்காவிட்டால் எங்கே போகிறது என்பதையும், *#62# சிக்னல் இல்லாவிட்டால் எங்கே போகிறது என்பதையும் காட்டும். இந்த இரண்டில் கம்பெனியின் வாய்ஸ்மெயில் எண் இருக்கக்கூடும், பார்த்ததும் பதற வேண்டாம்.

அந்த எண் எப்படி வந்தது? பெரும்பாலும் நம் கையாலேயே போட வைத்திருப்பார்கள். “உங்க பார்சல் டெலிவரி ஆகல, கன்ஃபர்ம் பண்ண இந்த நம்பர அடிங்க” என்று ஒருவர் மரியாதையாகப் பேசுவார். அவர் சொல்வது *21* என்று தொடங்கி, நடுவில் ஒரு பத்து இலக்க எண், கடைசியில் # என்று முடியும். அதை அடித்த நொடியிலிருந்து உங்கள் அழைப்புகள் அவருக்குப் போகும். பேச்சு வழியாக வரும் ஓடிபியும் அவர் காதுக்குத்தான். வாட்ஸ்அப் கணக்கைத் தன் போனில் திறக்க அழைப்பு மூலம் குறியீடு கேட்க முடியும் என்பதால் அதுவும் கைமாறும். *401# வழியாகவும் இதே வேலை நடந்துகொண்டிருந்ததால், 2024 ஏப்ரல் 15 முதல் அந்த வசதியை நிறுத்தும்படி தொலைத்தொடர்புத் துறை கம்பெனிகளுக்கு உத்தரவிட்டது.

தெரியாத எண் ஃபார்வர்டிங்கில் இருந்தால், ரத்து செய்ததும் வங்கிக் கணக்கைப் பாருங்கள். பணம் போயிருந்தால் யோசிக்காமல் சைபர் மோசடிக்கான உதவி எண் 1930க்கு அடியுங்கள். எவ்வளவு சீக்கிரம் சொல்கிறோமோ அவ்வளவு தூரம் பணத்தை நிறுத்தி வைக்க வழியுண்டு.

“ஸ்விட்ச் ஆஃப்” என்று வந்தால்

ஏரோபிளேன் மோடைப் போட்டு, பத்து நொடி விட்டு அணையுங்கள். போன் டவரைப் புதிதாகப் பிடித்துக்கொள்ளும். சரியாகவில்லையா, போனை ஒருமுறை அணைத்துப் போடுங்கள்.

ரீசார்ஜ் கெடு முடிந்திருந்தால் முதலில் நாம் அடிக்க முடியாது, சில நாளில் வரும் அழைப்பும் நின்றுவிடும். வைஃபையிலேயே காலம் தள்ளும் பெரியவர்களுக்கு இது தெரிவதே இல்லை, வாட்ஸ்அப் ஓடுகிறதே என்று இருந்துவிடுவார்கள்.

ஜியோ சிம்மில் வோல்டி (VoLTE, 4ஜி வழியாகப் பேசும் வசதி) அணைந்திருந்தால் வழக்கமான அழைப்பே வராது. அங்கே 2ஜி, 3ஜி கிடையாது, பேச்சும் 4ஜி, 5ஜி வழியாகத்தான் போக வேண்டும். செட்டிங்ஸில் சிம் பக்கத்தில் வோல்டி அல்லது 4ஜி காலிங் என்று இருப்பதைப் போட்டு வையுங்கள்.

இரண்டு சிம் வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. பெரும்பாலான போன்களில் ஒரு சிம்மில் பேசிக்கொண்டிருக்கும்போது மற்ற சிம்முக்கு அடிப்பவருக்குத் தொடர்பு கிடைக்காது. அது அந்தப் போனின் அமைப்பு, சரிசெய்ய ஒன்றுமில்லை. கரையை விட்டுத் தள்ளிப் போன படகிலும் இதே கதைதான், டவர் எட்டாத இடத்தில் எந்தச் செட்டிங்ஸும் உதவாது.

வாட்ஸ்அப் அழைப்பு தனி

சாதாரண அழைப்பு ரிங் ஆகிறது, வாட்ஸ்அப்பில் கூப்பிட்டால் மட்டும் வரவில்லை என்றால் பேட்டரி சேமிப்பைச் சந்தேகப்படுங்கள். செட்டிங்ஸ், ஆப்ஸ், வாட்ஸ்அப், பேட்டரி என்று போய் அன்ரெஸ்ட்ரிக்டட் என்று மாற்றுங்கள். சில கம்பெனிப் போன்களில் ஆட்டோஸ்டார்ட் என்ற அனுமதியும் தனியாகத் தர வேண்டும். வாட்ஸ்அப்பின் உள்ளே நோட்டிஃபிகேஷன்ஸில் அழைப்புக்கான ரிங்டோன் நன் என்று இருக்கிறதா பாருங்கள். ப்ரைவசி, கால்ஸ் என்ற இடத்தில் தெரியாதவர் அழைப்பை மௌனமாக்கும் வசதி 2023இல் வந்தது, அதுவும் போட்டிருக்கலாம்.

ஸ்பீக்கரே போயிருந்தால்

வால்யூம் முழுதாக வைத்து ஒரு பாட்டைப் போடுங்கள். பாட்டு நன்றாகக் கேட்டால் ஸ்பீக்கர் நலம், செட்டிங்ஸில்தான் இன்னும் ஏதோ பாக்கி. பாட்டும் கரகரவென்று வந்தாலோ வராவிட்டாலோ கீழ்ப்பக்கம் சார்ஜர் சொருகும் துளைக்குப் பக்கத்தில் இருக்கும் சின்னச் சின்ன ஓட்டைகளை வெளிச்சத்தில் பாருங்கள். ராயபுரத்திலிருந்து எண்ணூர் வரை கடலோரத்தில் இருப்பவர்கள் போனில் அங்கே வெள்ளையாக உப்புப் பூத்திருக்கும். மீன் விற்கும் அக்காக்கள் போனில் செதிலும் பிசுக்கும் சேர்ந்து ஓட்டைகளை மெழுகி விட்டிருக்கும். தண்ணீர் படாமல் இருக்கப் பிளாஸ்டிக் கவரில் போட்டு ரப்பர் பேண்ட் சுற்றி வைப்பார்கள், அந்தக் கவரே சத்தத்தைப் பாதியாக்கிவிடும். கவரை எடுத்துவிட்டு ஒரு முறை ரிங் கேளுங்கள்.

சுத்தம் செய்யப் பழைய டூத் பிரஷ் போதும். காய்ந்ததாக, மெத்தென்று இருக்க வேண்டும். போனை அணைத்து, ஓட்டைகள் தரையைப் பார்க்கும்படி பிடித்து, குத்தாமல் பக்கவாட்டில் தேய்த்தால் தூசி கீழே கொட்டும். ஊசி, சேஃப்டி பின் வேண்டாம், உள்ளே மெல்லிய சல்லடை கிழியும். வாயால் ஊதினால் எச்சில் ஈரம் உள்ளே போய்விடும். கடல் தண்ணீரில் விழுந்த போனை உடனே அணையுங்கள், சார்ஜ் போடாதீர்கள், அன்றே கடைக்குக் கொண்டு போங்கள். உப்பு உள்ளே அரிக்கத் தொடங்கிவிடும். அரிசி டப்பாவில் புதைப்பது வேண்டாம், ஆப்பிள் கம்பெனியே அதைச் செய்யாதீர்கள் என்று சொல்கிறது.

மேலே ஹெட்போன் படம் தெரிகிறது, ஆனால் எதுவும் சொருகவில்லை என்றால் அந்தத் துளையில் ஈரமோ தூசியோ இருக்கிறது. போன் ஹெட்செட் இருப்பதாக நினைத்துக்கொண்டிருக்கிறது. ஒரு ஹெட்செட்டை நாலைந்து முறை சொருகி எடுத்தால் பல நேரம் சரியாகும்.

எல்லாம் பார்த்தும் நடக்கவில்லை என்றால் கடை. அதற்கு முன்னால் முழு ரீசெட் செய்துவிடலாமா என்று கேட்பார்கள். அதைக் கடைசிக்கும் கடைசியாக வையுங்கள். போட்டோ, வாட்ஸ்அப் எல்லாம் வேறிடத்தில் சேமித்த பிறகுதான். வண்ணாரப்பேட்டை, பெரம்பூர், பீச் ஸ்டேஷன் எதிரே பர்மா பஜார் என்று சர்வீஸ் கடைக்குக் குறைவில்லை. கடையில் “ரிங்கர் போச்சா, போர்டு போச்சா?” என்று நேராகக் கேளுங்கள். ரிங்கர் என்பது சத்தம் போடும் ஸ்பீக்கர், பேசும்போது காதில் கேட்பது வேறு பாகம். ரிங்கர் மாற்றுவது சின்ன வேலை, உங்கள் கண்ணெதிரே முடியும். போர்டு என்றால் செலவு கூடும், இன்னொரு கடையிலும் விசாரித்துக்கொள்ளுங்கள். சிம்மையும் மெமரி கார்டையும் கழற்றிக்கொண்டு கொடுங்கள். ஸ்பீக்கர் மாற்ற உங்கள் பின் நம்பர் தேவையில்லை. தண்ணீர் புகாத போன் என்று வாங்கியிருந்தால், பின்பக்கத்தைத் திறந்த பிறகு அந்தப் பசை பழையபடி இருக்காது. புதுப் பசை போட்டு ஒட்டச் சொல்லுங்கள், அதற்கப்புறமும் அந்தப் போனை ஐஸ் பெட்டி மேல் வைக்காதீர்கள்.